விஞ்ஞானியின் வரலாறும் விடுபட்ட ஊரும்

பிப்ரவரி 28 தேசிய அறிவியல் நாள். அதற்கு ஒரு வாரம் முன்னால் எங்கள் கூமாப்பட்டி காலனியிலிருந்து பி.எஸ்சி. இயற்பியல் படிக்கிற பெண் என்னைத் தேடி வந்தது. கல்லூரியில் பேச்சுப் போட்டி. ‘நம் மண்ணின் விஞ்ஞானி கே.எஸ். கிருஷ்ணன்’ என்று தலைப்பு. “அண்ணே, நீங்க தமிழ் எம்.ஏ.தான, அஞ்சு நிமிசத்துக்கு ஆகுற மாதிரி எழுதித் தாங்க” என்றது. என்னிடம் இருந்த ஒரு சிறு நூலையும் மலர்களில் வந்த இரண்டு கட்டுரைகளையும் கொடுத்து, முதலில் நீ படி என்று அனுப்பினேன். மறுநாள் வந்து கேட்டது: “ஏண்ணே, அவரு படிச்ச பள்ளிக்கூடத்துல அப்ப நம்மாளுக யாராச்சும் படிச்சிருப்பாங்களா?”

அந்த மூன்றிலும் இதற்குப் பதில் இல்லை. பதில் இல்லாததுகூடப் பெரிதல்ல, அப்படி ஒரு கேள்வி எழும் என்கிற ஞாபகமே எழுதியவர்களுக்கு இல்லை. எனக்கும் அதுவரை இல்லை என்பதை ஒப்புக்கொள்கிறேன்.

கிருஷ்ணன் பிறந்த வத்திராயிருப்பு எங்களுக்குப் பக்கத்து ஊர், வாய்ச்சொல்லில் வத்ராப். 1898 டிசம்பர் 4இல் பிறந்தார். அப்போது இந்தப் பக்கமெல்லாம் திருநெல்வேலி ஜில்லா. ஸ்ரீவில்லிபுத்தூரில் உயர்நிலைப் பள்ளி, மதுரையில் அமெரிக்கன் கல்லூரி, சென்னையில் கிறிஸ்தவக் கல்லூரி. 1920இல் கல்கத்தா போய், 1923இல் சி.வி. ராமனிடம் ஆராய்ச்சியில் சேர்ந்தார். ஒளிச்சிதறல் பற்றி இருவரும் சேர்ந்து எழுதிய கடிதம் 1928 மார்ச் 31 ‘நேச்சர்’ இதழில் வந்தது. 1930இல் நோபல் பரிசு ராமன் ஒருவருக்கே கிடைத்தது. டாக்காவில் ரீடர், மறுபடி கல்கத்தா, 1940இல் ராயல் சொசைட்டி உறுப்பினர், 1942இல் அலகாபாத் பல்கலைக்கழகத்தில் பேராசிரியர், 1946இல் சர் பட்டம். 1947 முதல் டெல்லி தேசிய இயற்பியல் ஆய்வகத்தின் முதல் இயக்குநர். 1961இல் இறக்கும்வரை அந்த நாற்காலியில் இருந்தார்.

வேலையும் சாதாரண வேலை இல்லை. மெல்லிய குவார்ட்ஸ் இழையில் ஒரு சின்னப் படிகத்தைக் கட்டி, காந்தப் புலத்துக்கு நடுவே தொங்கவிட்டு, அது எந்தப் பக்கம் எவ்வளவு திரும்புகிறது என்று அளந்தார். ஒரே படிகத்துக்கு ஒவ்வொரு திசையிலும் ஒவ்வொரு காந்தக் குணம். அதை வைத்து உள்ளே அணுக்கள் எப்படி அடுக்கப்பட்டிருக்கின்றன என்று சொன்னார். இந்தக் கட்டுரை அவர் மூளையைக் குறைத்துப் பேச எழுதப்பட்டதல்ல. அவரை எழுதியவர்களைப் பற்றியதுதான் என் விமர்சனம்.

இந்த வரலாறுகள் எல்லாம் ஒரே மாதிரிதான் தொடங்குகின்றன. அமைதியான சிற்றூர், மலையடிவாரம், கோயில், தமிழும் சமஸ்கிருதமும் அறிந்த விவசாயித் தந்தை. இந்த ‘விவசாயி’ என்கிற சொல்லில்தான் எனக்குப் பிணக்கு. அந்தக் குடும்பத்துக்கு எத்தனை ஏக்கர் இருந்தது என்பதல்ல என் கேள்வி. நிலம் வைத்திருப்பவரும் விவசாயி, நாற்று நடுகிறவளும் விவசாயி என்று ஒரே சொல்லுக்குள் போட்டு மூடுகிறார்களே, அதுதான். என் அப்பத்தாவும் விவசாயம்தான் செய்தது. நடவு நட்டது, களையெடுத்தது, களத்தில் நெல்லடித்தது. “அக்ரகாரத்துப் பக்கம் மூட்டைய எறக்குனா பின்வாசல் வழியாத்தான் போவோம். தண்ணி கேட்டா கைய ஏந்தணும், ஒசரக்க நின்னு ஊத்துவாக” என்று சொல்லும். அதற்கும் ஒரு கையெழுத்துப் போடத் தெரியாது. விவசாயி வீட்டுப் பிள்ளை விஞ்ஞானியானார் என்று எழுதினால், எந்த விவசாயி என்று கேட்கத்தானே தோன்றும்?

அடுத்தது அமைதி. குழந்தைக்கு ஆறு மாதம் ஆகியிருந்த 1899 ஜூனில் சிவகாசி சூறையாடப்பட்டது. கோயிலுக்குள் போக உரிமை கேட்ட நாடார்களுக்கு எதிராகத் திரண்ட கும்பல், ஊருக்கே தீ வைத்தது. கலவரம் திருநெல்வேலி, மதுரை ஜில்லாக் கிராமங்களுக்கெல்லாம் பரவியது. காசும் கடையும் வைத்திருந்தவர்களுக்கே கோயில் வாசலில் அந்தக் கதி என்றால், அவர்களுக்கும் கீழே தள்ளப்பட்டவர்களின் பிள்ளை பள்ளிக்கூடத்து வாசலில் எப்படி நின்றிருக்கும்? பள்ளிகளில் பஞ்சமர்களைச் சேர்ப்பதற்குச் சர்க்கார் உத்தரவுகள் காகிதத்தில் இருந்தன. 1916 பிராமணரல்லாதார் அறிக்கை வந்தபோது, மாகாணத்தில் நூற்றுக்கு மூன்று பேராக இருந்தவர்கள்தான் பட்டதாரிகளில் பாதிக்கும் மேலே இருந்தார்கள். கிருஷ்ணன் கல்லூரி படித்த காலம் அதுதான். வரலாறு எழுதுகிறவருக்கு இது தெரியாமல் இருக்க முடியாது.

இன்னொன்றும் பார்த்தேன். நியாயம், அநியாயம் என்ற பேச்சு இந்தப் பக்கங்களில் ஒரே ஓர் இடத்தில்தான் வருகிறது. நோபல் பரிசில் கிருஷ்ணன் பேரும் இருந்திருக்க வேண்டுமா இல்லையா என்கிற இடத்தில். அதற்குப் பக்கம் பக்கமாக வாதம்!

சாதியை வைத்து வாழ்க்கையைச் சொல்ல நம்மிடம் முன்மாதிரி இல்லாமல் இல்லை. இரட்டைமலை சீனிவாசன் 1939இல் வெளியிட்ட ‘ஜீவிய சரித்திர சுருக்கம்’ சிறிய புத்தகம்தான். கோயம்புத்தூர் கலாசாலையில் சுமார் 400 பேரில் பத்துப் பேர் தவிர மற்றவர்கள் பிராமணர்கள் என்று எண்ணிச் சொல்கிறார். சாதி தெரிந்துவிடுமோ என்று பயந்து, மற்ற பிள்ளைகளோடு விளையாடாமல், மணியடித்த பிறகே வகுப்புக்குள் போன கதையைச் சொல்கிறார். விளையாடாத ஒரு சிறுவனை வைத்து ஒரு காலத்தையே காட்டிவிடுகிறார்.

விஞ்ஞானிகளிலும் ஒருவர் உண்டு, மேக்நாத் சாகா. டாக்கா பக்கத்துக் கிராமம், அப்பாவுக்குச் சின்ன மளிகைக்கடை. தலித் அல்லர், மேல்சாதியார் கீழாகப் பார்த்த வியாபாரச் சாதி. 1911இல் கல்கத்தா பிரசிடென்சி கல்லூரிக்கு வந்தபோது, ஈடன் இந்து விடுதியில் மற்றவர்களோடு ஒரே கூடத்தில் உட்கார்ந்து சாப்பிட விடவில்லை. 1920இல் நட்சத்திரங்களின் வெப்பத்தைக் கணக்கிட வழிசெய்த சமன்பாட்டை எழுதியவர் இவர்தான். 1923 முதல் 1938 வரை அலகாபாத்தில் இயற்பியல் துறையை வளர்த்தார். நாலு வருசம் கழித்துக் கிருஷ்ணன் வந்து சேர்ந்த துறை அதுவே. இரண்டு பேரும் மேதைகள். சாகாவின் கதையில் சோற்றுத்தட்டு எங்கே வைக்கப்பட்டது என்பது வருகிறது, கிருஷ்ணன் கதையில் அந்தப் பேச்சுக்கு அவசியமே வரவில்லை. அவசியம் வராதது யாருக்கு என்பதுதான் சாதி.

அமெரிக்காவில் ஷெர்லி ஆன் ஜாக்சன் என்று ஒரு கறுப்பினப் பெண், 1946இல் வாஷிங்டனில் பிறந்தவர். இயற்பியல் படித்து, 1999இலிருந்து 2022 வரை ரென்சலர் பாலிடெக்னிக் என்கிற பழைய பல்கலைக்கழகத்துக்குத் தலைவராக இருந்தார். அவரைப் பற்றி யார் எழுதினாலும் 1954ஆம் வருசத்தைத் தாண்டிப் போக முடியாது. பள்ளிகளில் கறுப்பர், வெள்ளையர் என்று பிரிப்பது செல்லாது என்று அந்த வருசம்தான் உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. 1964இல் எம்.ஐ.டி.யில் சேர்ந்தபோது கூடப் படித்தவர்கள் சேர்ந்து உட்கார்ந்து படிக்க மறுத்ததையும், கறுப்புப் பெண்கள் ஏதாவது கைத்தொழில் கற்றுக்கொள்ளலாமே என்று ஒரு பேராசிரியர் புத்தி சொன்னதையும் அவரே சொல்லியிருக்கிறார். 1973இல் அங்கே முனைவர் பட்டம் வாங்கிய முதல் கறுப்பினப் பெண் அவர். மார்ட்டின் லூதர் கிங் கொல்லப்பட்ட 1968இல் கறுப்பின மாணவர் சங்கம் கட்டியவர்களில் ஒருத்தி. நாற்காலிக்கு வந்த பிறகு தேவதையாகிவிடவில்லை. 2006இல் சொந்த ஆசிரியர்களே நம்பிக்கையில்லாத் தீர்மானம் கொண்டுவந்தார்கள், சில ஓட்டு வித்தியாசத்தில்தான் தப்பினார். வாங்கிய சம்பளம் பற்றியும் கடுமையான பேச்சு இருந்தது. அதையும் எழுதுகிறார்கள். வாழ்க்கை வரலாறு என்றால் அப்படித்தான் இருக்க வேண்டும். எந்தக் கதவு, எந்த வருசம் திறந்தது, யார் தள்ளித் திறந்தது, உள்ளே போனவர் என்ன செய்தார் என்பதெல்லாம் இருந்தால்தான் பின்னால் வருகிற பிள்ளைக்கு அது உதவும்.

நம் பிள்ளைகள் போன கதவு ஒன்றைச் சொல்கிறேன். சேலம் மாவட்டத்தில் பன்னியாண்டி சமூகத்துப் பையன் செந்தில்குமார், ஹைதராபாத் மத்தியப் பல்கலைக்கழக இயற்பியல் துறையில் ஆராய்ச்சிக்குச் சேர்ந்தார். வழிகாட்டி ஒதுக்கப்படவே இல்லை. 2008 பிப்ரவரியில் விடுதி அறையில் செத்துக் கிடந்தார். துறையின் போக்கு தலித், பழங்குடி மாணவர்களுக்கு எதிராக இருக்கிறது என்று மாணவர்கள் சொன்னதை விசாரணைக் குழு பதிவுசெய்தது. எட்டு வருசம் கழித்து 2016 ஜனவரியில் அதே வளாகத்தில் ரோஹித் வெமுலா. ராமனிடம் கிருஷ்ணன் போய்ச் சேர்ந்ததை ‘குருவைத் தேடிப் போன சீடன்’ என்று உருகி உருகி எழுதுகிறார்கள். குரு கிடைக்காமலே போன இயற்பியல் மாணவனை எந்த அறிவியல் நாள் மலரில் எழுதினார்கள்?

நான் எட்டாவது படிக்கும்போது ஒரு வாத்தியார் கணக்குத் தப்பாகப் போட்ட எங்கள் வரிசையைப் பார்த்து, “பக்கத்தூர்ல கிருஷ்ணன் பொறந்தாரு, அதே தண்ணியத்தானடா நீங்களும் குடிக்கிறீங்க” என்றார். வகுப்பே சிரித்தது. அதே தண்ணிதானா என்று திருப்பிக் கேட்க அப்போது எனக்கு வாய் வரவில்லை. 2025இல் செல்போன் ரீல்களில் உலகம் சுற்றிய கூமாப்பட்டி எங்கள் ஊர்தான். தென்னந்தோப்பையும் தண்ணீரையும் காட்டினார்கள். நான் பார்த்த எதிலும் காலனி இல்லை.

அந்தப் பெண்ணுக்கு எழுதிக் கொடுத்தேன். படிகம், காந்தம், கல்கத்தா, அலகாபாத் எல்லாம் எழுதிவிட்டு, கடைசி ஒரு நிமிசத்துக்கு அதன் கேள்வியையே வைத்தேன். இரண்டு நாள் மனப்பாடம் செய்து நன்றாகவே பேசியதாம். பரிசு கிடைக்கவில்லை. “நல்லாத்தான் பேசுன, ஆனா கடைசில தலைப்ப விட்டு வெலகிப் போயிட்டம்மா”ன்னு நடுவர் சொன்னாராம்.