தேருக்கு அப்பால் ஒரு கூட்டம்

சமயக் குழுக்களைப் பற்றிய ஆவணப்படங்கள் பெரும்பாலும் திருவிழாவையே நாடிச் செல்கின்றன. கொடியேற்றம், தேர்பவனி, அலைமோதும் கூட்டம், வாணவேடிக்கை ஆகியவை கண்ணுக்கு விருந்து. பாடியிலும் அம்பத்தூரிலும் நம் பங்குகளில் எடுக்கப்படும் விழாப் பதிவுகளும் இதற்கு விலக்கல்ல. ஆயினும், ஒரு சமூகத்தின் உள்ளத்தை அறிய, அது கூடிப் பேசி முடிவெடுக்கும் இடத்திற்கே நாம் செல்லவேண்டும்.

தீபா தன்ராஜ் 2011இல் இயக்கிய ‘இன்வோக்கிங் ஜஸ்டிஸ்’ அவ்வாறு சென்ற படம். தமிழ்நாட்டில் முஸ்லிம் குடும்பங்களின் மணமுறிவு, சீதனம் போன்ற வழக்குகளை ஆண்கள் மட்டுமே அமர்ந்த ஜமாஅத்கள் தீர்த்துவந்தன. வழக்குக்குரிய பெண்ணுக்கே அங்கு இடமில்லை. இந்நிலையை எதிர்த்து, புதுக்கோட்டையைச் சேர்ந்த ஷரீபா கானம் முன்னின்று, 2004இல் பெண்கள் ஜமாஅத்தைத் தோற்றுவித்தார். படம் வெளிவந்த காலத்தில் அது 12 மாவட்டங்களில் 12,000 உறுப்பினர்களைக் கொண்டிருந்தது.

அப்பெண்களின் முறையீடும் விவாதமுமே இப்படத்தின் உயிர். அவர்கள் தம் மார்க்கத்தைத் துறந்து பேசவில்லை; அதனுள் நின்றே நீதி கேட்கிறார்கள். நம்பிக்கையும் கேள்வியும் ஒரே நெஞ்சில் குடியிருக்க முடியும் என்பதைப் படம் உணர்த்துகிறது. விழாக் காட்சிகளில் முகமற்ற கூட்டமாய்க் கரைந்துபோகும் பெண்கள் இங்கே தனித்தனி மனிதராய் நம் முன் நிற்கின்றனர்.

பிற சமயத்தாராகிய நாம் இப்படத்தைக் காணும்போது ஓர் ஆபத்தும் உண்டு. ‘அவர்கள் வீட்டுக் குறை’ என்று எளிதாக ஒதுங்கிவிடலாம். ஆனால் 1869ஆம் ஆண்டின் இந்திய மணமுறிவுச் சட்டத்தை நாம் மறத்தலாகாது. அச்சட்டத்தின்படி, கிறிஸ்தவக் கணவனுக்கு மனைவியின் பிறன்மனை உறவு ஒன்றே போதிய காரணமாயிற்று. மனைவியோ அதனுடன் கொடுமை, கைவிடல் போன்ற வேறொரு குற்றத்தையும் மெய்ப்பிக்க வேண்டியிருந்தது. இவ்வேற்றுமை 2001இல்தான் நீக்கப்பட்டது. நூற்று முப்பது ஆண்டுகளுக்கும் மேலாக நம் பெண்கள் சுமந்த சுமை அது.

ஆகவே, அடுத்த திருவிழாவுக்கு ஒளிப்பதிவாளரை அமர்த்தும் பங்குப் பேரவையினரிடம் நாம் ஒன்று வேண்டுவோம். தேர்பவனியோடு பேரவைக் கூட்டத்தையும் அன்பியக் கூட்டத்தையும் பதிவு செய்யுங்கள். அங்கே யார் பேசுகிறார், யார் தேநீர் கொடுத்துவிட்டுப் பின்வரிசையில் ஒதுங்குகிறார் என்பதை நாம் அனைவரும் ஒருமுறை அமர்ந்து பார்ப்போம்.