சக்பந்தி வழக்கும் மேல்முறையீடும்

உத்தரப் பிரதேசத்தில் ஒரு கிராமத்தைச் சக்பந்திக்கு, அதாவது நில ஒருங்கிணைப்புக்கு, எடுத்துக்கொள்வதாக அரசு அறிவித்ததும், சிதறிக் கிடக்கும் துண்டு நிலங்களைச் சேர்த்து ஒரே இடத்தில் தரும் வேலை தொடங்குகிறது. கூடவே இன்னொன்றும் நடக்கிறது. அந்த நிலம் யாருடையது என்று உரிமையியல் நீதிமன்றங்களில் நடக்கும் வழக்குகள், 1953ஆம் ஆண்டு நில ஒருங்கிணைப்புச் சட்டத்தின் 5(2) பிரிவின்படி அற்றுப்போகின்றன. மேல்முறையீட்டில் நிற்கும் வழக்குக்கும் அதே கதிதான். கீழ் நீதிமன்றத்தில் ஜெயித்தவரும் பத்திரங்களைத் தூக்கிக்கொண்டு சக்பந்தி அதிகாரி முன்னால் முதலிலிருந்து தொடங்க வேண்டும். 1968இல் ராம் ஆதார் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றமும் இதை உறுதிசெய்தது. நீதிமன்றத்தின் இடத்தையே எடுத்துக்கொண்ட ஓர் அமைப்பு, தான் செய்யும் பிழையைத் திருத்த என்ன வழி வைத்திருக்கிறது?

சட்டம் பிறந்தபோது உரிமைத் தகராறு நடுவரிடம் போனது. அதிகாரி உரிமையியல் நீதிபதிக்கு அனுப்புவார். அவர் நடுவருக்கு அனுப்புவார். நீதித்துறை அதிகாரிகளிலிருந்தோ ஐந்தாண்டு அனுபவமுள்ள முதல் வகுப்பு உதவி கலெக்டர்களிலிருந்தோ அரசு நடுவரை நியமித்தது. அவர் சொன்னதே இறுதி. 1959இல் அத்தர் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் இந்தச் சட்டம் செல்லும் என்றது. ஆனால் செல்லுபடியாகும் சட்டமெல்லாம் நல்ல சட்டமாகிவிடாது. சாட்சியத்தைத் தவறாக எடைபோட்டுத் தீர்ப்பெழுதினாலும் அதன் தகுதியை மறுபடி பார்க்க ஆளில்லாத ஏற்பாடு, நிலமே சோறாக இருக்கும் குடும்பத்துக்கு அநியாயம்.

1963ஆம் ஆண்டுத் திருத்தம் 9-ஏ பிரிவைக் கொண்டுவந்து, உரிமைத் தகராறுகளைச் சக்பந்தி அதிகாரிகளிடமே ஒப்படைத்தது. உதவி அதிகாரி சமரசம் செய்து பார்ப்பார். முடியாவிட்டால் ஒருங்கிணைப்பு அதிகாரி தீர்ப்பார். 21 நாளுக்குள் 11ஆம் பிரிவில் செட்டில்மென்ட் அதிகாரிக்கு மேல்முறையீடு. அதற்கு மேல் 48ஆம் பிரிவில் இயக்குநரிடம் சீராய்வு. நடைமுறையில் துணை இயக்குநரே கேட்பார். பழைய முறையின் பெருங்குறை இதனால் தீர்ந்தது என்பதை மறுக்க முடியாது. ஆனால் பழைய முறையில் நீதிபதியின் கை ஓரளவாவது பட்டது. புதிய படிகள் அத்தனையிலும் அமர்ந்திருப்பவர்கள் நிர்வாகத்துறைக்காரர்கள்.

இதன் விளைவைச் சமரசக் கட்டத்தில் பார்க்கலாம். விதி 25-ஏ சமரச நிபந்தனைகளைக் கிராம ஒருங்கிணைப்புக் குழு உறுப்பினர்கள் முன்னிலையில் எழுதி, இரு தரப்பும் கையெழுத்தோ கைநாட்டோ வைக்கச் சொல்கிறது. பிழைப்புக்காக வெளியூர் போன அண்ணன் பேருக்கு நேரே யாரோ ஒருவர் கைநாட்டு வைத்தால், அவர் பங்கு தம்பிகள் பேருக்கு மாறிவிடும். ஊர் திரும்பி அவர் விஷயத்தை அறியும்போது 21 நாள் கெடு எப்போதோ கடந்திருக்கும். தாமதத்தை மன்னிக்கக் கேட்கலாம். ஆனால் கைநாட்டு யாருடையது என்ற கேள்வி சாட்சி விசாரணை, குறுக்கு விசாரணை, நிபுணர் கருத்து என்று நீளக்கூடியது. நிலம் அளந்து சக், அதாவது ஒன்றுசேர்த்த நிலத் தொகுதி, பிரிக்கும் அவசரத்தில் இருக்கும் அலுவலகத்துக்கு அதற்குப் பொறுமை ஏது?

சீராய்வு இதற்கு மருந்தாகும் என்று சட்டமன்றம் நம்பியது. 48ஆம் பிரிவில் பிற்பாடு சேர்த்த மூன்றாவது விளக்கம், வாய்மொழிச் சாட்சியத்தையும் ஆவணத்தையும் மறுபடி எடைபோடும் அதிகாரத்தைத் தருகிறது. எனக்கு இது மருந்தாகப் படவில்லை. சாட்சியை நேரில் பார்க்காத நிர்வாக அதிகாரி, கீழே இருவர் ஒருமித்துச் சொன்னதைக்கூட ஒரே உத்தரவில் கவிழ்க்கலாம். தோற்றவருக்கு மிஞ்சுவது உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு. அங்கே அதிகார வரம்பு மீறலையும் வெளிப்படையான சட்டப் பிழையையும் பார்ப்பார்களே தவிர, சாட்சியத்தைப் பொதுவாக மறுபடி எடைபோட மாட்டார்கள். தனி வழக்குப் போடலாமென்றால், உரிமையியல் நீதிமன்றத்துக்குத் தடைபோடும் 49ஆம் பிரிவு குறுக்கே நிற்கிறது. 1973இல் கோரக்நாத் துபே வழக்கு ஒரு சிறு வாசலைத் திறந்து வைத்தது: ரத்துசெய்தால்தான் செல்லாமல் போகும் பத்திரமென்றால் அது உரிமையியல் நீதிமன்றத்தின் வேலை, தொடக்கத்திலேயே செல்லாத பத்திரத்தைச் சக்பந்தி அதிகாரியே ஒதுக்கிவிடலாம். சட்டம் படித்தவர்களே தடுமாறும் இந்த வேறுபாட்டை நம்பி ஒரு விவசாயி நீதிமன்றத்தைத் தேர்ந்தெடுக்க வேண்டியிருக்கிறது.

எதிர்வாதம் வலுவானதுதான். ஒருவரின் உரிமை தீராவிட்டால் பக்கத்துச் சக்குகளும் நிற்கும். நீதிமன்றத்தைத் திறந்துவிட்டால் ஒரு தலைமுறைக்கு வரைபடம் முடியாது. சக் எங்கே அமைய வேண்டும், மண்ணின் மதிப்பென்ன, வாய்க்காலும் பாதையும் எப்படிப் போக வேண்டும் என்ற சண்டைகளுக்கு இந்த வாதத்தை முழுதாக ஏற்கிறேன். அவற்றை வயலைத் தெரிந்த அதிகாரியே விரைந்து முடிக்கட்டும். உரிமைக்கு மட்டும் இது பொருந்தாது. சக்பந்தி முடிந்ததாக 52ஆம் பிரிவில் அறிவித்த பிறகும், நிலுவையிலிருந்த ரிட் வழக்கின் உத்தரவை நிறைவேற்ற வேண்டும் என்று 52(2) சொல்கிறது. பிந்தி வரும் திருத்தத்தை வரைபடம் தாங்கும் என்று சட்டமே ஒப்புக்கொள்கிறது.

ஆகவே என் தீர்ப்பு: நடுவரின் இறுதித்தன்மையைக் கைவிட்டது சரி, உரிமையைத் தீர்மானிக்கும் வேலையிலிருந்து நீதிபதியை விலக்கியது தவறு. உரிமைத் தகராறுகளுக்கு 48ஆம் பிரிவுச் சீராய்வை எடுத்துவிட்டு, அதனிடத்தில் மாவட்ட நீதிபதி முன் உண்மைகளையும் சட்டத்தையும் சேர்த்துக் கேட்கும் ஒரே ஒரு மேல்முறையீட்டை வைக்க வேண்டும். சமரச உத்தரவை எதிர்ப்பவருக்கு 21 நாள் கெடு, உத்தரவின் நகல் அவர் கைக்கு நேரடியாகக் கிடைத்த நாளிலிருந்து ஓட வேண்டும்.