பீயும் ஓட்டுப்பெட்டியும்

தென்கொரியாவில் இஞ்சோன் நகரத்துத் தொங்கில் பஞ்சாலை. 1978 பிப்ரவரி 21 அங்கே சங்கத் தேர்தல். ராத்திரி ஷிப்ட் முடிந்து ஓட்டுப் போட வந்த பெண்கள்மேல், நிர்வாகத்துக்குக் கையாளாக இருந்த ஆண் தொழிலாளிகள் பீயை வீசினார்கள். முகத்தில் அப்பினார்கள், வாயில் திணித்தார்கள். போலீஸ் வேடிக்கை பார்த்தது. பீ வழிய நிற்கும் அந்தப் பெண்களை உள்ளூர் ஸ்டுடியோக்காரர் ஒருவர் எடுத்த போட்டோ இன்றும் இருக்கிறது.

மலம் என்று எழுதினால் நாற்றம் குறைந்துவிடும். பீ என்றே எழுதுவோம். அதை யார் அள்ளணும், யார் மேல வீசலாம்னு முன்கூட்டியே முடிவு பண்ணி வச்சிருக்கிற சமூகத்தை நமக்கு யாரும் பாடம் நடத்திக் காட்ட வேண்டியதில்லை.

ஆனால் அந்தப் போட்டோவைப் பார்க்கிற பார்வையோடு நமக்குச் சண்டை உண்டு. ‘ஐயோ, பாவம் பொம்பளைங்க’ என்பதோடு அது முடிந்துபோகிறது. அன்றைக்கு ஓட்டுப்பெட்டிகளையும் உடைத்தார்களே, அதை யார் பேசுகிறார்கள்?

தொங்கிலில் வேலை செய்தவர்களில் பெரும்பாலோர் பெண்கள். சங்கத் தலைமையோ ஆண்களிடம். 1972இல் அந்தப் பெண்கள் சூ கில்-சா என்ற பெண்ணைத் தலைவராகத் தேர்ந்தெடுத்தார்கள். அதே 1972இல்தான் சர்வாதிகாரி பார்க் சுங்-ஹீ, ஜனாதிபதியை மக்கள் நேரடியாகத் தேர்ந்தெடுக்கும் உரிமையைப் பறித்தார். நாடு ஓட்டை இழந்த வருஷத்தில், மில்லுக்குள் இவர்கள் ஓட்டைக் கையில் எடுத்திருக்கிறார்கள். அரசாங்கத்துக்குப் பொறுக்குமா?

1976 ஜூலையில் சங்கத்துக்காகப் போராடிய பெண்களைப் பிடிக்கப் போலீஸ் வந்தபோது, உடுப்பைக் களைந்து நின்றார்கள். அப்போதும் இழுத்துக்கொண்டு போனார்கள். அதற்குப் பிறகுதான் பீ. உடம்பைக் கேவலப்படுத்தினால் ஓட்டுப் போட வரமாட்டாள் என்பது கணக்கு. கணக்கு தப்பியது. ஏழைகள்தான், ஆனாலும் பீயைத் தின்று வாழமாட்டோம் என்று முழங்கினார்கள். 124 பேரை வேலையிலிருந்து துரத்தி, பெயர்ப் பட்டியலை மற்ற ஆலைகளுக்கும் அனுப்பினார்கள். அடியாட்களின் ரவுடித்தனம் மட்டுமில்லை, இதில் உளவுத்துறையின் கையும் இருந்தது என்று 2010இல் கொரிய அரசின் உண்மை ஆணையமே சொன்னது.

துரத்தப்பட்டவர்களில் ஒருவரான சொக் சொங்-நாம் 1984இல் தன் வாழ்க்கையைத் தானே புத்தகமாக எழுதினார். பரிதாபப்படுகிறவர்களுக்கு அதுதான் பதில். அந்தப் போட்டோவில் இருப்பவர்கள் ஓட்டுப் போட வந்தவர்கள். அப்படித்தான் அவர்களைப் பார்க்கணும்.