குடவோலையும் ரிட் மனுவும்

உத்திரமேரூர் வைகுந்தப் பெருமாள் கோயில் சுவரில் உள்ள முதலாம் பராந்தகன் காலத்துக் கல்வெட்டுகளைப் பழம்பெருமைக்காகப் படிப்பவர்களே அதிகம். அரசுத் தேர்வு எழுதுகிறவர்கள் அவற்றை வேறு விதமாகப் படிக்கலாம். ஊர்ச் சபைக்கு ஆள் தேர்ந்த குடவோலை முறையில், குடத்திலிருந்து ஓலையை எடுப்பவன் விவரம் அறியாச் சிறுவன். வாங்கும் மத்தியஸ்தர் ஐந்து விரலையும் அகல விரித்து உள்ளங்கையில் வாங்க வேண்டும். அவர் வாசித்ததை அங்குள்ள நம்பிமாரும் (கோயில் பூசகர்களும்) வாசிக்க வேண்டும். விரலிடுக்கில் வேறு ஓலை இருக்குமோ என்ற சந்தேகத்துக்கு முன்கூட்டியே விதி எழுதிவிட்டார்கள்.

இன்று அந்தச் சந்தேகம் தேர்வு முடிந்தபின் வழக்காக வருகிறது. டி.என்.பி.எஸ்.சி.யின் 2000-01 குரூப் 1 தேர்வில், விடைத்தாளில் வண்ணப் பேனா, பென்சில் குறிகள் இருந்ததைக் காட்டி வழக்குத் தொடுத்தார்கள். தேர்வான 91 பேரில் 83 பேரின் தேர்வு செல்லாது என்று சென்னை உயர் நீதிமன்றம் 2011இல் தீர்ப்பளித்தது. 2014இல் உச்ச நீதிமன்றமும் அதையே உறுதி செய்தது. எழுதியவர் யார் என்று விடைத்தாளே காட்டிக்கொடுக்கக் கூடாது என்பதில் தவறே இல்லை. ஆனால் அதற்குள் தேர்வானவர்கள் பல ஆண்டு அதிகாரிகளாக வேலை பார்த்துவிட்டார்கள். வாய்ப்பை இழந்தவர்களுக்கோ வயது ஏறிவிட்டது. தாளைத் திருத்த எடுத்த அன்றே கண்ணில் பட்டிருக்க வேண்டிய குறிகள் அவை!

ஆசிரியர் தகுதித் தேர்வின் கதை இன்னும் சிக்கல். 2013இல் தேர்வு நடந்தது. 150க்கு 90 எடுத்தால் தேர்ச்சி. 2014 பிப்ரவரியில் இடஒதுக்கீட்டுப் பிரிவினருக்கு 82 போதும் என்று, நடந்து முடிந்த தேர்வுக்கும் சேர்த்து அரசாணை வழியே சலுகை தந்தார்கள். சலுகை நியாயமானதுதான், வந்த நேரம்தான் வினை. அதே ஆண்டு செப்டம்பரில் உயர் நீதிமன்றத்தின் சென்னை அமர்வு அந்த அரசாணையை ஏற்றது. சில நாளில் மதுரைக் கிளை ரத்து செய்தது. 2016 நவம்பரில்தான் உச்ச நீதிமன்றம் சலுகை செல்லும் என்றது. இடைப்பட்ட இரண்டு ஆண்டும் 82க்கும் 90க்கும் நடுவில் நின்றவர்கள் எதை நம்பியிருப்பார்கள்?

வழக்குப் போடுவதும் லேசில்லை. அறிவிக்கையை ஏற்றுத் தேர்வெழுதித் தோற்றவர், பிறகு அதன் விதியைக் குறைசொன்னால் நீதிமன்றம் பொதுவாகக் கேட்பதில்லை. விடைக்குறிப்பில் ஐயம் இருந்தால், அதன் பலன் தேர்வு நடத்தியவருக்கே என்று 2017இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. உத்திரமேரூர்ப் பக்கத்துப் பட்டதாரி பஸ் பிடித்துச் சென்னைக்குப் போய், வக்கீல் ஃபீஸும் கட்டி, இந்த இரண்டு சுவர்களையும் தாண்டியாக வேண்டும்.

இதற்காகக் குடவோலைக்குத் திரும்ப ஏங்க வேண்டாம். கால் வேலிக்கு மேல் இறைநிலம், சொந்த மனையில் வீடு, வேதப் பயிற்சி எனக் கேட்ட விதி அது. ஊரில் பெரும்பாலோர் குடத்துக்குப் பக்கத்தில்கூட வந்திருக்க முடியாது. அந்தத் தகுதியே அநியாயம் என்று முறையிட அவர்களுக்கு இடமில்லை. இன்றைய ரிட் மனு அந்த இடத்தைத் தருகிறது.

ஆனால் ஒன்றைக் கவனிக்கலாம். 919இல் எழுதிய விதிகளை 921இல் திருத்தினார்கள்; திருத்தத்தையும் கல்லில் வெட்டினார்கள். ஆட்டம் தொடங்கியபின், விதியே இடம் தராவிட்டால், தகுதியை மாற்றக் கூடாது என்று உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு சொன்னதோ 2024 நவம்பரில்தான். இனி தேர்வாணையங்கள் செய்ய வேண்டியது, இறுதி விடைக்குறிப்போடு ஆட்சேபங்களை ஏற்ற, மறுத்த காரணத்தையும் வெளியிடுவது. காரணம் கையில் கிடைத்தால், சும்மா சந்தேகத்தில் எழுதப்படும் மனுக்களாவது குறையும்.