எழுத்தட்டையில் மாறிய தேசம்: செசூ ஹயகாவாவின் திரைவாழ்வு

செசில் பி. டெமில் இயக்கிய ‘தி சீட்’ எனும் அமெரிக்க மௌனப்படம் 1915இல் வெளிவந்தபோது அதன் எதிர்நாயகர் ஹிஷுரு டோரி எனும் ஜப்பானியர். 1918இல் அப்படம் மீண்டும் வெளியிடப்பட்டபோது அவரே ஹாகா அராகாவ் எனும் பர்மியத் தந்த வணிகர் ஆனார். முதல் உலகப்போரில் ஜப்பான் நேச நாடுகளின் பக்கம் நின்றது. லாஸ் ஏஞ்சலிஸ் வாழ் ஜப்பானியரும் அப்பாத்திரத்தைக் கடுமையாக எதிர்த்திருந்தனர். படத்தைப் புதிதாக எடுக்க வேண்டிய தேவை எழவில்லை. காட்சிகளுக்கிடையே வரும் எழுத்தட்டைகளை மாற்றியதே போதுமானதாயிற்று. இன்று காணக்கிடைப்பது பெரும்பாலும் இவ்வடிவமே. அதில் ‘பர்மியர்’ ஜப்பானியக் காகிதத் திரைக்குப் பின்னே வாழ்கிறார். குண்டடிபட்டுச் சாயும்போது அவரது குருதி அத்திரையில்தான் படிகிறது.

அப்பாத்திரத்தை ஏற்றவர் ஜப்பானின் சிபா மாகாணத்தில் 1886இல் பிறந்து அமெரிக்காவுக்குப் புலம்பெயர்ந்த செசூ ஹயகாவா. கடனுக்கு ஈடாகத் தனக்கு இணங்க மறுக்கும் வெள்ளையினப் பெண்ணின் தோளில், தன் உடைமைகள் மீது பொறிக்கும் முத்திரையையே அவர் சூட்டுக்கோலால் பதிக்கிறார். இக்காட்சி அவரை ஒருசேர வெறுக்கப்படுபவராகவும் விரும்பப்படுபவராகவும் ஆக்கியது. தாய்நாட்டிலோ அவர் நாட்டுக்கு இழிவு தேடியவர் எனச் சாடப்பட்டார். மிகைநடிப்பு மலிந்த அக்காலத்தில் முகத்தசைகளை ஏறத்தாழ அசைக்காமல் நடித்த அவரது முறையைப் பிரெஞ்சு விமர்சகர் லூயி டெலுக் கொண்டாடினார்.

1918இலேயே ஹயகாவா ஹாவொர்த் எனும் சொந்தப் படநிறுவனத்தைத் தொடங்கினார். இம்முயற்சியை ஒரு புலம்பெயர் கலைஞர் தன் உருவத்தைத் தானே மீட்டெடுத்த நிகழ்வாகக் காண்பது வழக்கம். ‘தி டிராகன் பெயின்டர்’ (1919) அதற்குத் துணைநிற்கிறது. மனைவி சுரு அவோகியுடன் அவர் நடித்த அப்படத்தில் கலிபோர்னியாவின் யோசெமிட்டி மலைகள் ஜப்பானாகின்றன. எனினும் முழுப் பட்டியலையும் நோக்கினால் இக்கருத்து தளர்கிறது. ‘தி மேன் பினீத்’ படத்தில் அவர் இந்து மருத்துவர். ‘ஆன் அரேபியன் நைட்’ படத்தில் அராபியர். பிறர் அவருக்கு அணிவித்த தேசங்களை அவரது நிறுவனமும் விற்றது. உரிமை கைமாறியபோதும் சந்தை மாறவில்லை என்பதை ‘மீட்பு’ வாசிப்பு கணக்கில் கொள்வதில்லை.

1922இல் ஹாலிவுட்டை நீங்கிய அவர் பிரான்சில் ‘லா பத்தாய்’ (1923) படத்தில் ஜப்பானியக் கடற்படை அதிகாரியாக நடித்துப் புகழ்பெற்றார். பேசும் படத்தில் எழுத்தட்டை இல்லை. குரல் பிறப்பிடத்தைக் காட்டிக்கொடுக்கும். ஆனால் அது தேச மாற்றத்தை நிறுத்திவிடவில்லை என்பது வியப்புக்குரியது. ‘டாட்டர் ஆஃப் தி டிராகன்’ (1931) படத்தில் அவர் ஜப்பானிய உச்சரிப்புடன் பேசும் சீனத் துப்பறிவாளர். ‘தி சீட்’ கதையை மார்செல் லெர்பியே 1937இல் பிரெஞ்சில் மீண்டும் எடுத்தபோது அதே பாத்திரத்தை ஹயகாவாவே ஏற்றார். இம்முறை கதை நிகழ்ந்தது மங்கோலியாவில். ஒரே குற்றத்தைச் செய்ய ஒரே முகத்துக்கு மூன்று தேசங்கள் தேவைப்பட்டன.

டேவிட் லீனின் ‘தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் க்வாய்’ (1957) அவருக்கு ஜப்பானிய முகாம் தளபதி சைட்டோவை அளித்தது. துணைநடிகருக்கான ஆஸ்கர் பரிந்துரையும் கிட்டியது. இலங்கையின் கித்துல்கலவில் களனி ஆற்றின் மீது பாலம் கட்டிப் படமாக்கப்பட்ட இப்படம் தமிழ் ஆய்வாளர்க்கு மற்றொரு வகையிலும் கவனத்துக்குரியது. சயாம்–பர்மா இரயில்பாதையில் மலாயாத் தோட்டங்களிலிருந்து கொண்டுசெல்லப்பட்ட தமிழர் பல்லாயிரவர் மாண்டனர். படத்தின் மோதலோ பிரித்தானிய அதிகாரிக்கும் ஜப்பானிய அதிகாரிக்கும் இடையில் சுருங்கிவிடுகிறது. ஆசியரின் இடம் முழுவதும் ஹயகாவா ஒருவரின் முகத்துக்கு விடப்படுகிறது.

அம்முகம் ஒரே ஒரு காட்சியில் உடைகிறது. ரஷ்யாவை ஜப்பான் வென்ற நாளைக் காரணம் காட்டி, அதிகாரிகள் உடலுழைப்பில் ஈடுபட வேண்டியதில்லை எனச் சைட்டோ விட்டுக்கொடுக்கிறார். வெளியே கைதிகள் ஆரவாரிக்கின்றனர். குடிலுக்குள் அவர் தனியே குலுங்கி அழுகிறார். அழுகைக்கு வசனம் இல்லை.