கத்தாத கோபம்: லிண்டன் க்வேசி ஜான்சனை எப்படிக் கேட்பது?

லிண்டன் க்வேசி ஜான்சனின் கவிதையை முதலில் படிக்கக் கூடாது, கேட்க வேண்டும். 1952இல் ஜமைக்காவில் பிறந்து, 1963இல் லண்டனுக்கு வந்தவர். பள்ளிக்கூட ஆங்கிலத்தை ஒதுக்கிவிட்டு, தன் மக்களின் பேச்சுமொழியில் எழுதினார். ரெகே தாளத்தில் அதைச் சொல்வதற்கு 'டப் கவிதை' என்று பெயர். முதல் தடவை பாதி புரியாது. பரவாயில்லை; குரலையும் பேஸ் கிட்டாரையும் பிடித்துக்கொண்டு போனால் போதும்.

போராட்டக் கவிஞர் என்றதும் முஷ்டி உயர்த்தி முழங்குவார் என்று நினைத்தால் ஏமாற்றம்தான். கோட்டு, தொப்பி, அலட்டாத குரல்.

தொடங்குவதற்கு ஏற்றது, 1979இல் வந்த 'ஃபோர்சஸ் ஆஃப் விக்டரி' ஆல்பத்தில் உள்ள 'சன்னீஸ் லெட்டா'. சிறையிலிருந்து மகன் அம்மாவுக்கு எழுதும் கடிதம் அது. சிறை முகவரி, நலம் விசாரிப்பு என்று எல்லாம் முறைப்படி வரும். தம்பியைப் பார்த்துக்கொள்வதாகக் கொடுத்த வாக்கு பொய்த்துவிட்டதே என்ற வருத்தம். பஸ்ஸுக்காக நின்றவர்கள் அருகில் போலீஸ் வேன் வந்து நிற்கிறது. மூன்று பேர் இறங்கித் தம்பியை அடிக்கிறார்கள்.

இங்கேதான் காதைத் தீட்டிக்கொள்ள வேண்டும். அதுவரை நிதானமாக நடந்த வரிகள் சட்டென்று குறுகி, இரண்டிரண்டாக இயைபு தட்டி விழுகின்றன. ஒவ்வொன்றும் ஒரு குத்து. குரல் மட்டும் உயர்வதில்லை. உயர்ந்திருந்தால் கவிதை கெட்டிருக்கும். அண்ணன் திருப்பி அடிக்க, ஒரு போலீஸ்காரர் சாகிறார். தம்பிமேல் 'சஸ்' வழக்கு, அண்ணன்மேல் கொலை வழக்கு. இதையும் அம்மாவிடம் அதே பணிவோடுதான் சொல்கிறான்.

'சஸ்' என்பது என்ன என்று தெரிந்தால் கவிதை இன்னும் கனக்கும். பிச்சைக்காரர்களையும் வீடற்றவர்களையும் அடக்க 1824இல் வந்த நாடோடிகள் சட்டத்தின் ஒரு பிரிவு அது. குற்றம் செய்யும் நோக்கத்தோடு திரிந்ததாகச் சந்தேகம் என்றாலே கைது செய்யலாம். போலீஸ்காரர்களின் சாட்சியமே போதும். ஒன்றரை நூற்றாண்டு கழித்து அது கறுப்பின இளைஞர்கள்மேல் பாய்ந்தது. எதிர்த்துத் தெருவில் இறங்கியவர்களில் தாய்மார்கள் முன்வரிசையில் நின்றார்கள். கடிதம் அம்மாவின் பெயருக்குப் போவது வெறும் உத்தி அல்ல. அந்தப் பிரிவு 1981இல் நீக்கப்பட்டது.

இசையோடு கேட்டுப் பழகியபின், 1996இல் வெளிவந்த 'எல்கேஜே அ கப்பெல்லா லைவ்' தொகுப்பைப் போட்டுப் பாருங்கள். அதில் வாத்தியமே கிடையாது. தாளம் முழுக்க நாக்கில்தான்.