வங்காளம் தெரியாமல் 'சந்தேஷ்' பார்ப்பது

வங்க எழுத்து ஒன்றுகூடத் தெரியாதே என்று தயங்க வேண்டாம். 'சந்தேஷ்' சிறுவர் இதழின் பழைய பிரதி எங்காவது கண்ணில் பட்டால் விடாதீர்கள். படங்களிலிருந்து தொடங்குங்கள். அச்சில் படம் கெட்டுப்போகிறதே என்று ஒரு மனிதர் பட்ட ஆற்றாமைதான் அந்த இதழுக்கு வித்து.

உபேந்திரகிஷோர் ராய் குழந்தைகளுக்காக ராமாயணம் எழுதி, படங்களையும் தாமே வரைந்தார். மரக்கட்டையில் செதுக்கி அச்சிட்டதில் படங்கள் பாழாயின. அவருக்குப் பொறுக்கவில்லை. 1895-இல் லண்டனிலிருந்து கருவிகளைத் தருவித்து, படத்தைப் புள்ளிகளாக்கி அச்சிடும் ஹாஃப்டோன் பிளாக் செய்யக் கல்கத்தாவில் தாமே கற்றுக்கொண்டார். அந்த நுட்பத்தைப் பற்றி அவர் எழுதிய கட்டுரைகளை லண்டனின் 'பென்ரோஸ்' ஆண்டு மலரே வெளியிட்டது. 1913-இல் 'சந்தேஷ்' தொடங்கியபோது ஆசிரியர், ஓவியர், அச்சக முதலாளி எல்லாம் அவரே.

மூலப் பிரதி கிடைத்தால் லென்ஸ் வைத்துப் பாருங்கள். சாம்பல் நிறம் என்று நினைத்தது அத்தனையும் கறுப்புப் புள்ளி. நிழலில் புள்ளிகள் பருத்து ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும். வெளிச்சத்தில் ஊசிமுனையாய்ச் சிறுக்கும்.

1915-இல் அவர் மறைந்ததும் மகன் சுகுமார் ராய் பொறுப்பேற்றார். நிதானமாக உட்கார்ந்து பார்க்க வேண்டியவை இவருடைய பக்கங்கள்தான். 'கிச்சுரி' பாட்டில் வாத்தும் முள்ளம்பன்றியும் சேர்ந்து ஒரே பிராணி ஆகிவிடும். கொக்கும் ஆமையும் அப்படியே. படத்தில் ஒட்டு எங்கே என்று தேடுங்கள். விலங்கியல் பாடநூலுக்கு வரைவதுபோல் முகத்தை இறுக்கமாக வைத்துக்கொண்டு வரைந்திருக்கிறார். சிரிப்பு நம் பொறுப்பு. வேடிக்கை என்று முன்கூட்டியே கண்ணடிக்கும் இன்றைய சிறுவர் ஓவியங்கள் எனக்கு இதனாலேயே சலிக்கின்றன. சுகுமார் 1923-இல் 35 வயதில் இறந்தார். இதுபோன்ற பாடல்களின் தொகுப்பான 'ஆபோல் தாபோல்' புத்தகமாக வந்தது அதற்குச் சில நாட்கள் கழித்து.

பிறகு இதழ் நின்றது, வந்தது, மறுபடி நின்றது.

1961-இல் சுகுமாரின் மகன் சத்யஜித் ராய், கவிஞர் சுபாஷ் முகோபாத்யாயோடு சேர்ந்து அதை மீட்டார். சத்யஜித் போட்ட அட்டைகளில் தலைப்பெழுத்தைக் கவனியுங்கள். விளம்பர நிறுவனத்தில் வேலை பார்த்த கை. எழுத்தையும் படமாகவே வரையும். துப்பறியும் ஃபெலுதா முதலில் தலைகாட்டியதும் 1965-இல் இதே இதழில்தான். ஃபெலுதா கதைகள் தமிழிலும் வந்திருக்கின்றன. வாங்குமுன், சத்யஜித் வரைந்த படங்கள் உள்ளே இருக்கின்றனவா என்று ஒருமுறை புரட்டிப் பாருங்கள்.